பாதைக்கும் ஒரு ஹக்கு உண்டு



கொட்டாஞ்சேனையிலிருந்து ஒரு சகோதரி எழுதிய கடிதம் இம்மாதப் பக்கத்தை முழுவதுமாக எடுத்துக்கொள்கிறது. பெயர் போட வேண்டாம் என்று கேட்டிருக்கிறார், போடவில்லை. வயது ஐம்பத்தைந்து. சீனி வருத்தமும் முழங்கால் வலியும் உள்ளவர். சிங்கப்பூரில் குடியிருக்கும் மகளின் பிரசவத்துக்காக மகன் அழைத்துச் சென்று விட, அங்கே மூன்று மாதம் தங்கியிருக்கிறார். நாற்பது கழிந்த பிறகு ஒவ்வொரு நாளும் காலையில், மகளோடும் தள்ளுவண்டியில் பேரப்பிள்ளையோடும், ரயில் நின்றுபோன ஒரு பழைய பாதையில் ஒரு மணி நேரம் நடந்தாராம். ஊர் திரும்பிச் சீனி பார்த்தபோது டொக்டரே "என்ன செய்தீர்கள்?" என்று கேட்டாராம்.

அதே பழக்கத்தைக் கொழும்பில் தொடரப் பார்த்தால் வீட்டில் எதிர்ப்பு. "இந்த வயசில ஒரு பொம்பிள ரோட்டுல சும்மா நடந்து திரியிறது என்ன வழக்கம்?" என்று மச்சிமார் கேட்கிறார்களாம். ஆகவே அவர் கேட்பது: இப்படி நடப்பது மார்க்கத்தில் ஆகுமா? அந்தப் பாதையில் பெண் பிள்ளைகள் சைக்கிள் ஓடுகிறார்களே, நம் பேத்திமார் ஓடலாமா? கடைசியாகச் சின்னதாக இன்னொன்று. மழை நாளில் ஹபாயாவின் கரையில் சேறு ஒட்டிக்கொள்கிறது, அதோடு தொழலாமா?

"ஆகும்" என்று ஒரே சொல்லில் எழுதிவிட்டு அடுத்த கடிதத்தைப் பிரித்திருக்கலாம். ஆனால் அவர் நடந்த பாதையைப் பற்றி விசாரித்துப் பார்த்தபோது, சிங்கப்பூரில் நடக்க முடிந்தவருக்குக் கொழும்பில் ஏன் நடக்க முடியவில்லை என்ற கேள்விதான் எனக்குப் பெரிதாகத் தெரிந்தது.

சிங்கப்பூரில் முதல் ரயில் ஓடியது 1903-இல். துறைமுகத்துக்கு அருகே தஞ்சோங் பகாரில் பெரிய நிலையம் 1932-இல் திறக்கப்பட்டது. அங்கிருந்து தீவை ஊடறுத்து வடக்கே உட்லண்ட்ஸ் வரை போய், பாலத்தைக் கடந்து ஜோகூர், கோலாலம்பூர் என்று அந்த ரயில் ஓடியது. 1965-இல் சிங்கப்பூர் மலேசியாவிலிருந்து பிரிந்த பிறகும் தண்டவாளமும் அதன் கீழிருந்த நிலமும் மலேசிய ரயில்வேயின் கையிலேயே இருந்தன. 1990-இல் இரு அரசாங்கங்களும் ஓர் உடன்பாட்டில் கையெழுத்திட்டன. அதன் பொருள் என்ன என்று இருபது வருடம் தர்க்கித்துவிட்டு, ஒருவாறாக 2011 ஜூன் 30 இரவு கடைசி ரயில் புறப்பட்டது. அதை ஜோகூர் சுல்தான் தம் கையாலேயே ஓட்டிச் சென்றார்.

தண்டவாளத்தைக் கழற்றி எடுத்தபின் 24 கிலோமீற்றர் நீளத்துக்கு ஒரு வெறும் நிலம் கிடந்தது. சிங்கப்பூரில் ஓர் அடி நிலத்தின் விலை என்ன என்பது அங்கே பிள்ளைகள் இருக்கும் தாய்மாருக்குத் தெரியும். துண்டு துண்டாக வெட்டி மாடி வீடு கட்டியிருந்தால் கேட்க ஆள் இல்லை. ஆனால் அங்குள்ள இயற்கைச் சங்கம் ஒன்று, ரயில் நிற்பதற்கு முன்பே, 2010-இல், இதை அறுக்காமல் முழு நீளத்துக்கும் பசும் பாதையாக விடுங்கள் என்று அரசாங்கத்துக்கு எழுதிக் கொடுத்தது. அரசாங்கமும் இணங்கியது. புக்கிட் தீமாவில் இரண்டு பழைய இரும்புப் பாலங்களையும் சிறிய நிலையத்தையும் அப்படியே வைத்து, மற்ற இடங்களில் நடக்கவும் சைக்கிள் ஓடவும் பாதை போட்டார்கள். அந்த நிலையம் பழுது பார்க்கப்பட்டு 2022-இல் பொதுமக்களுக்குத் திறக்கப்பட்டது.

அந்தப் பாதை நம்மவர்களுக்கும் அந்நியமானதல்ல. குவீன்ஸ்டவுன் பக்கத்தில் அதன் ஓரமாகவே ஹங் ஜெபாத் பள்ளிவாசல் இருக்கிறது. சற்றுத் தள்ளி, ரயில்வேயில் வேலை செய்த தமிழ்த் தொழிலாளர்கள் தொடங்கிய முனீஸ்வரன் கோயில் இருக்கிறது. தஞ்சோங் பகார் வட்டாரமோ ஒரு காலத்தில் கடையநல்லூர், தென்காசி முஸ்லிம்கள் நிறைந்த இடம். மற்ற ஊர்களிலிருந்து ஆண்கள் தனியாகக் கப்பலேறிப் போனபோது, இவர்கள் குடும்பத்தோடு போனவர்கள். அந்தப் பெண்கள் அம்மியில் மசாலா அரைத்து விற்றுக் குடும்பத்தைத் தாங்கினார்கள். அவர்களுடைய சங்கம்தான் 1946-இல் உமறுப் புலவர் பெயரில் ஒரு தமிழ்ப் பள்ளிக்கூடத்தைத் தொடங்கியது. தலையில் முந்தானையைப் போட்டுக்கொண்டு மசாலாக் கூடையோடு அந்தப் பெண்கள் நடந்த நடையை "என்ன வழக்கம்?" என்று கேட்டிருந்தால், பிள்ளைகளின் வயிறு காய்ந்திருக்கும்.

ரயில் பாதை ஏன் நடப்பதற்கு இவ்வளவு வாய்ப்பாக அமைகிறது? நம் தாய்மாரின் முழங்காலோடு சம்பந்தப்பட்ட காரணம் அது. இரும்புச் சக்கரம் இரும்பின் மேல் ஓடும்போது வழுக்கும். அதனால் ரயில் மேட்டில் ஏற மாட்டாது. கொழும்பிலிருந்து பதுளைக்குப் போகும் நமது மலைநாட்டுப் பாதையில் மிகச் சரிவான இடத்திலும் 44 அடி ஓடினால்தான் ஓர் அடி ஏறும். இதற்காக மேட்டை வெட்டி, பள்ளத்தை நிரப்பி, ஓடைக்கு மேல் பாலம் கட்டி, இரு பக்கமும் வடிகான் எடுத்து வைத்திருப்பார்கள். தண்டவாளத்தைக் கழற்றினால் மிஞ்சுவது படி இல்லாத, திடீர் ஏற்றம் இல்லாத, பஸ்ஸும் லொறியும் வராத நீண்ட சமநிலம். தள்ளுவண்டியும் போகும், சக்கர நாற்காலியும் போகும். மாடிப்படி ஏறப் பயப்படும் ஒரு மனுஷி ஒரு மணி நேரம் நடந்தார் என்றால் அதன் இரகசியம் இதுதான்.

நம் நாட்டிலும் இப்படி ரயில் ஓடி ஓய்ந்த பாதைகள் உண்டு. மலைநாட்டில் ரயிலைக் கோச்சி என்பார்கள். (நம் கொச்சிக்கடைக்கும் அந்தக் கோச்சிக்கும் சம்பந்தம் இல்லை, நம் ஊர்ப்பெயர் கொச்சியிலிருந்து வந்தவர்களால் ஏற்பட்டது என்பார்கள்.) சிங்கப்பூரில் ரயில் தொடங்கிய அதே 1903-இல் நானுஓயாவிலிருந்து நுவரெலியாவுக்கு ஒரு குட்டிக் கோச்சி ஓடத் தொடங்கி, பிறகு கந்தப்பளை வழியாக ராகலை வரை நீண்டது. தண்டவாளங்களுக்கு இடையே இரண்டரை அடிதான். தேயிலைப் பெட்டிகளை இறக்குவதற்காகப் போட்ட பாதை. லொறிகள் வந்ததும் வருமானம் குன்றி, 1948-இல் மூடிவிட்டார்கள். சுமார் 31 கிலோமீற்றர். இன்று அந்தத் தடம் சில இடங்களில் கார் ரோட்டாகவும் சில இடங்களில் தோட்டப் பாதையாகவும் மாறிவிட்டது. களனிப் பள்ளத்தாக்குப் பாதையிலும் அப்படித்தான். அவிசாவளைக்கு அப்பால் இரத்தினபுரி, ஓப்பநாயக்க வரை ஓடிய கோச்சி 1970-களில் நின்றது.

2023-இல் மலைநாட்டில் "பீக்கோ டிரெயில்" என்ற நடைபாதையைத் திறந்தார்கள். கண்டி ஹந்தானையில் தொடங்கி, ஹட்டன், ஹப்புத்தளை, எல்ல என்று சுற்றி நுவரெலியாவில் முடிகிறது. 300 கிலோமீற்றருக்கு மேல், 22 பகுதிகள். வெள்ளைக்காரர் காலத்துத் தோட்டப் பாதைகளைத் தொடுத்துத்தான் அதை அமைத்திருக்கிறார்கள். எங்கிருந்தோ விமானமேறி வந்தவர்கள் பையை முதுகில் மாட்டிக்கொண்டு நடக்கிறார்கள். நாம் ஏப்ரல் லீவுக்கு நுவரெலியா போனால் வேனுக்குள் இருந்தபடியே புரியாணியைச் சாப்பிட்டுவிட்டு, குதிரைக்குப் பக்கத்தில் நின்று ஒரு படம் எடுத்துக்கொண்டு இறங்கிவிடுகிறோம்.

ஓய்ந்த ரயில் என்றதும் ஓதிக் கொடுக்கிறவனுக்கு ஹிஜாஸ் ரயில் நினைவுக்கு வராமல் இருக்காது. சுல்தான் இரண்டாம் அப்துல் ஹமீத் 1900-இல் தொடங்கி வைத்தார். டமஸ்கஸிலிருந்து மதீனா வரை சுமார் 1,300 கிலோமீற்றர். ஒட்டகத்தில் ஏறக்குறைய நாற்பது நாள் போன ஹஜ்ஜாஜிகளை நாலைந்து நாளில் கொண்டு சேர்ப்பதற்காக, உலக முஸ்லிம்களிடம் நன்கொடை திரட்டிப் போட்ட பாதை. இந்திய முஸ்லிம்களும் கொடுத்தார்கள். 1908-இல் மதீனாவை எட்டியது. பத்து வருடம்கூட நிம்மதியாக ஓடவில்லை. முதலாம் உலகப் போரில் தண்டவாளத்துக்கு வெடி வைத்தார்கள். தென்பகுதி அப்படியே மணலுக்குள் போய்விட்டது. மதீனா நிலையம் இன்று நூதனசாலை. உம்ராவுக்குப் போனவர்கள் அதன் பக்கத்திலுள்ள அன்பரிய்யா பள்ளிவாசலைப் பார்த்திருப்பீர்கள்.

அந்த ரயில் யாருக்குச் சொந்தம் என்று பிற்காலத்தில் அரசாங்கங்கள் சண்டை பிடித்தபோது, இது முஸ்லிம்கள் அனைவரின் வக்பு என்ற வாதம் வைக்கப்பட்டது. வக்புச் சொத்தின் பயன் குறைந்துவிட்டது என்று சொல்லி விற்றுச் சாப்பிடக் கூடாது என்பதில் நமது ஷாஃபிஈ மத்ஹப் கடுமையானது. பொதுப் பாதையையும் நான் அந்தக் கண்ணோடுதான் பார்க்கிறேன். ரயில் நின்றாலும் ஊராருக்காக ஒதுக்கிய தடம் ஊராருடையதுதான். அடுத்தவன் நிலத்தில் ஒரு சாண் அநியாயமாக எடுத்தவனுக்கு மறுமையில் ஏழு பூமி கழுத்தில் மாட்டப்படும் என்ற கருத்தில் புகாரியிலும் முஸ்லிமிலும் ஹதீஸ் வந்திருக்கிறது. ஒருவனுடைய சாணுக்கே அந்த நிலை என்றால், ஊரே நடக்கும் சாணுக்கு என்ன கணக்கு?

ஒதுங்க இடமின்றி ரயில் ஓரத்தில் பலகை வீடு கட்டி வாழும் ஏழைகளைக் குறித்து நான் இதை எழுதவில்லை. அவர்களுக்கு முதலில் வீடு கொடுக்க வேண்டும். பிறகுதான் பாதையைப் பற்றிப் பேச வேண்டும். நான் சொல்வது வசதி உள்ளவர்களை. கடைச் சாமானை நடைபாதையில் அடுக்குகிறவரை, வீட்டுப் படியைத் தெருவுக்குள் இறக்கிக் கட்டுகிறவரை. வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்கு வந்து ரோட்டை அடைத்து வாகனத்தை நிறுத்திவிட்டு முதல் ஸப்பில் போய் உட்காருகிறவரையும் சேர்த்துத்தான். அந்த நேரத்தில் ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டிய கர்ப்பிணி எந்தச் சமயத்தவளாக இருந்தாலும் அவளுடைய பதுவாவுக்கு அஞ்சுங்கள்.

இப்போது சகோதரியின் மச்சிமாருக்கு வருகிறேன்.

ஒரு பெண்ணின் நடைதான் ஹஜ்ஜில் கிரியையாக இருக்கிறது. தண்ணீர் தேடி ஸபாவுக்கும் மர்வாவுக்கும் இடையே ஓடியவர் அன்னை ஹாஜர் (அலை). இன்று அரசனும் ஆலிமும் அந்தப் பெண்ணின் தடத்தில்தான் ஏழு முறை நடக்கிறார்கள். அந்தத் தூரம் மொத்தம் 3 கிலோமீற்றருக்குச் சற்றுக் கூடும். வீட்டிலிருந்து சந்தி வரை திரீவீலில் போய்ப் பழகிய நம் தாய்மார் பலர் அங்கே மூன்றாவது சுற்றிலேயே உட்கார்ந்து அழுவதை ஹஜ்ஜுக்கு ஆட்களைக் கூட்டிப் போகிறவர்களிடம் கேட்டுப் பாருங்கள். முப்பது வருடம் காசு சேர்த்துக் கடமையை நிறைவேற்றப் போகிறவர், அதற்கு ஆறு மாதத்துக்கு முன் கால்களையும் தயார்படுத்த வேண்டாமா?

மூஸா நபி (அலை) அவர்களை அழைக்க வந்த பெண் வெட்கத்தோடு நடந்து வந்தாள் என்று சூரத்துல் கஸஸில் அல்லாஹ் கூறுகிறான். (அவளுடைய தந்தை ஷுஐப் நபியா வேறொருவரா என்பதில் முஃபஸ்ஸிர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு, அது இங்கே வேண்டாம்.) வயதான தந்தைக்காக ஆட்டுக்குத் தண்ணீர் காட்டப் போனவள் அவள். அவளுடைய வெட்கத்தைப் புகழும் வசனம், அவள் வீதியில் நடந்து வந்ததையும் சேர்த்தே சொல்கிறது. நபி (ஸல்) அவர்கள் ஒரு பிரயாணத்தில் தோழர்களை முன்னே போகச் சொல்லிவிட்டு ஆயிஷா (ரலி) அவர்களோடு ஓட்டப் பந்தயம் வைத்தார்கள். அன்று ஆயிஷா நாயகி முந்தினார்கள். பின்னொரு காலத்தில், உடல் சற்றுப் பருத்திருந்தபோது, நபியவர்கள் முந்திவிட்டு, அன்றைக்கு இன்று சரியாகிவிட்டது என்று சொன்னார்கள். அபூதாவூதில் இருக்கிறது. மனைவியோடு நடக்கவே கூச்சப்படும் கணவன்மார் இதைத் தனியாக உட்கார்ந்து வாசியுங்கள்.

ஆகவே ஒழுங்கான உடை, பயமில்லாத இடமும் நேரமும், வீட்டாருக்குத் தெரிந்து போவது, இவை இருந்தால் ஊருக்குள் நடப்பதில் தடை ஒன்றும் இல்லை. மஹ்ரம் வேண்டும் என்ற சட்டம் பிரயாணத்துக்கு உரியது. அரை மணி நேர நடை பிரயாணம் ஆகாது. பயமில்லாத இடமாக ஒரு பாதையை ஆக்குகிற பொறுப்பில் பெரும்பகுதி ஆண்களுடையது. தெருவில் உட்காராதீர்கள் என்று நபியவர்கள் சொன்னபோது, எங்களுக்கு வேறு இடம் இல்லையே என்றார்கள் ஸஹாபாக்கள். அப்படியானால் பாதைக்கு அதன் ஹக்கைக் கொடுங்கள் என்று சொல்லி, பார்வையைத் தாழ்த்துவது, தொல்லை கொடாதிருப்பது, ஸலாமுக்குப் பதில் சொல்வது, நன்மையை ஏவித் தீமையைத் தடுப்பது என்று விளக்கினார்கள். அது தெருவில் உட்கார்ந்திருந்த ஆண்களுக்குச் சொன்னது. சந்தியில் நின்று போகிற வருகிற பெண்களை எடை போடும் நம் வாலிபர்களைத் திருத்தாமல், பெண்களை மட்டும் வீட்டுக்குள் இருத்தினால் பாதையின் ஹக்கு நிறைவேறாது.

இன்னொன்றையும் சொல்லாமல் விட மனமில்லை. 2019 ஏப்ரல் 21 அன்று நம் கொச்சிக்கடை அந்தோனியார் கோயிலில் நடந்த அக்கிரமத்துக்குப் பிறகு, ஹபாயா போட்ட பெண்கள் தெருவில் இறங்கவே பல மாதம் தயங்கினார்கள். பயந்து ஒதுங்கியதில் பக்கத்து வீட்டுச் சிங்கள அக்காவுக்கும் தமிழ் அக்காவுக்கும் நம் முகம் மறந்துபோனது. காலையில் ஒரே பாதையில் எதிரெதிரே நடந்து, இரண்டு நாள் சிரித்து, மூன்றாம் நாள் "முழங்கால் எப்படி?" என்று கேட்டுக்கொள்ளும் பழக்கம் வந்தால், அதற்கு ஈடாக எந்தக் கூட்டத்தையும் மேடையையும் சொல்ல முடியாது.

சைக்கிளும் ஒரு வாகனம்தான். ஒட்டகத்தில் ஏறிப் பழகிய குறைஷிப் பெண்களை, பிள்ளைகள் மீது இரக்கம் மிக்கவர்கள் என்று நபியவர்கள் பாராட்டியிருக்கிறார்கள். அந்தக் காலத்தில் வாகனமேறிய பெண் குறைந்தவளாகிவிடவில்லை என்றால், இந்தக் காலத்தில் ஏன் ஆக வேண்டும்? ஆனால் லொறியும் நாட்டாமிமாரின் கைவண்டியும் நெருக்கும் நம் தெருக்களில் ஆண் பிள்ளையைக்கூடச் சைக்கிளில் விட மாட்டேன். திறந்த இடத்துக்குக் கூட்டிப் போய்ப் பழக்குங்கள். ஹபாயா சக்கரத்திலும் செயினிலும் சிக்கிப் பெரிய விபத்து ஆகலாம். தளர்ந்த காற்சட்டையும் முழங்காலுக்குக் கீழ் இறங்கும் மேலங்கியும் போடுங்கள். செயினுக்கு மூடி உள்ள சைக்கிளாகப் பாருங்கள். நடப்பவர் இருக்கும் பாதையில் சைக்கிள்காரர்தான் வேகத்தைக் குறைக்க வேண்டும்.

கொழும்பில் எங்கே நடப்பது? காலி முகத்திடலை ஆளுநர் ஹென்றி வார்ட் 1859-இல் கட்டி முடித்தபோது, கொழும்பின் பெண்கள், பிள்ளைகளின் நன்மையை முன்னிட்டுத் தமக்குப் பின் வருவோரிடம் ஒப்படைப்பதாகக் கல்லில் பொறித்து வைத்தார். அந்தக் கல் அங்கே இருக்கிறது, போனால் பாருங்கள். நம் பக்கத்தில் மட்டக்குளி காக்கைத்தீவுக் கடற்கரைப் பூங்கா இருக்கிறது. சுபஹுக்குப் பின் வெளிச்சம் வந்ததும் மூன்று நான்கு பேராகப் போங்கள். வாரத்துக்கு 150 நிமிடம் என்பது உலக சுகாதார ஸ்தாபனத்தின் கணக்கு. அரை மணி வீதம் ஐந்து நாள். சீனிக்கு மருந்து எடுப்பவர்கள் வெறும் வயிற்றில் போக வேண்டாம், பையில் இரண்டு இனிப்பு வைத்திருங்கள்.

வெள்ளவத்தையில் இருக்கும் சகோதரிகளுக்கு ஒரு வார்த்தை. கடல் காற்று வாங்க ரயில் ஓடும் தண்டவாளத்திலேயே நடக்கும் பழக்கம் அங்கே இருக்கிறது. அலைச் சத்தத்தில் ரயில் சத்தம் கேட்காது. காதில் போன் வைத்திருந்தால் சொல்லவே வேண்டாம். நான் எழுதியதெல்லாம் ரயில் நின்றுபோன பாதையைப் பற்றி. ஓடுகிற பாதையில் நடப்பது சட்டப்படி குற்றம், உயிருக்கும் ஆபத்து. கையால் தேடிக்கொள்ளும் அழிவு மார்க்கத்தில் ஹராம்.

சேற்றைப் பற்றிய கேள்வி மிச்சம் இருக்கிறது. மழை பெய்த பாதையின் சேறு அடிப்படையில் சுத்தமானது. சந்தேகப்பட்டுக் கழுவ வேண்டியதில்லை. தெருச் சேற்றில் நஜீஸ் கலந்திருப்பது நிச்சயமாகத் தெரிந்தாலும், நடப்பவரால் தவிர்க்க முடியாத சிறு அளவு மன்னிக்கப்பட்டது என்று நமது மத்ஹபின் கிதாபுகள் சொல்கின்றன. அதைவிட அதிகம் ஒட்டியிருந்தால் அந்த இடத்தை மட்டும் கழுவிவிட்டுத் தொழுங்கள். இதே கேள்வியை மதீனாவில் ஒரு பெண் உம்மு ஸலமா (ரலி) அவர்களிடம் கேட்டிருக்கிறார்: என் ஆடையின் கரை நீளம், அசுத்தமான இடத்திலும் நடக்கிறேனே என்று. அதற்குப் பின் வரும் நிலம் அதைச் சுத்தமாக்கிவிடும் என்ற நபியவர்களின் பதிலை அவர்கள் எடுத்துச் சொன்னார்கள். காய்ந்த அழுக்கைப் பற்றியது அது என்று நமது இமாம்கள் விளக்கம் தந்திருக்கிறார்கள். ஹபாயாவின் கரையைக் கணுக்காலோடு சற்று ஏற்றித் தைத்து, நீளக் காலுறை போட்டுக்கொண்டால் கழுவுகிற வேலையும் குறையும்.